‘முழு வீடியோ’ தேடினால் போனுக்குள் என்ன வருகிறது: சித்தப்பாவின் ₹62,900 போன கதையும் நான் கற்றுக்கொண்டதும்

டிவியில் ஒரு விபத்துக் காட்சியைப் பாதியில் மங்கலாக்கிக் காட்டினால் போதும், அன்று ராத்திரியே ஊரில் பாதிப் பேர் போனை எடுத்து ‘முழு வீடியோ’ என்று தேட ஆரம்பித்துவிடுகிறார்கள். பார்க்கணும் என்று தோன்றுவது மனுஷ இயல்பு, அதைக் குறை சொல்ல நான் வரவில்லை. ஆனால் அந்தத் தேடலில் முன்னால் வந்து நிற்பவற்றில் நிறைய வீடியோவே கிடையாது. கொளத்தூரில் இருக்கும் எங்கள் சித்தப்பாவின் போனில் அப்படி வந்தது ஒரு ஆப். அது வந்து, அவர் பென்ஷன் கணக்கிலிருந்து ₹62,900 போனது. “உன் தம்பிக்குத் தெரிய வேணாம்மா, சித்திக்கும் சொல்லாத” என்று அவர் கேட்டுக்கொண்டதால் பேங்க், போலீஸ், போனைச் சுத்தம் செய்வது எல்லாவற்றுக்கும் நான் ஒருத்தியே ஓட வேண்டியிருந்தது. யாரைக் கேட்பது என்று தெரியாமல் தவித்த அந்த நேரத்தில் இதையெல்லாம் வரிசையாக ஒருவர் எழுதி வைத்திருந்தால் பணமும் இன்னும் கொஞ்சம் மீண்டிருக்கும், எனக்கும் தூக்கம் கெட்டிருக்காது. அதனால்தான் எழுதுகிறேன்.

முதலில் அந்தத் தேடல் பக்கங்களைப் பற்றி. ஒரு விஷயம் வைரல் ஆனதும் மக்கள் என்ன வார்த்தை போட்டுத் தேடுகிறார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும்படிதான் இருக்கிறது. அந்த வார்த்தைகளை அப்படியே தலைப்பாக வைத்து, ‘இத்தனை நிமிடம் இத்தனை விநாடி, ஒரிஜினல், டவுன்லோட்’ என்று ஒட்டி, ஆயிரக்கணக்கான பக்கங்களை இயந்திரத்தனமாக உருவாக்கி விடுகிறார்கள். வீடியோ என்று ஒன்று இருக்கிறதா என்பதே அவர்களுக்கு முக்கியமில்லை. சில சமயம் பராமரிப்பு இல்லாத கல்லூரி, அரசு அலுவலக இணையதளங்களுக்குள் புகுந்து அங்கே ஒரு பிடிஎஃப்-ஐ ஏற்றி வைத்திருப்பார்கள். முகவரியைப் பார்த்தால் நம்பிக்கை வரும், உள்ளே போனால் ‘இங்கே கிளிக் செய்யவும்’ என்று ஒரு பெரிய பட்டன் மட்டும் இருக்கும். அதைத் தொட்டால் சுருக்கிய லிங்க், அதிலிருந்து இன்னொன்று, அதிலிருந்து ‘10 விநாடி காத்திருக்கவும்’ என்று ஒரு பக்கம். ஒவ்வொரு தாவலிலும் யாரோ விளம்பரக் காசு பார்க்கிறார்கள். பிளே பட்டனை அழுத்திய பிறகு ஒரே ஒரு முறை வேறு தளத்துக்குத் தாவினாலும் அங்கேயே பின்வாங்கிவிடலாம் என்பது என் அபிப்பிராயம். உண்மையான வீடியோ இருக்கிற இடத்தில் பிளே அழுத்தினால் அங்கேயே ஓடும்.

இந்தத் தாவல்களுக்கு நடுவில் ஒரு பக்கம் ‘நீங்கள் ரோபோ இல்லை என்று நிரூபிக்க அலோ அழுத்தவும்’ என்று கேட்கும். அந்த அலோ எதற்கு என்றால் அந்தத் தளம் உங்கள் போனுக்கு நோட்டிஃபிகேஷன் அனுப்புவதற்கு. அழுத்திவிட்டால் அடுத்த நாளிலிருந்து ‘உங்கள் போனில் வைரஸ்’, ‘உங்கள் கணக்கு முடக்கப்பட்டது’ என்று வரிசையாக வரும். போன் கெட்டுவிட்டது என்று பயந்து அதைத் தொட்டால்தான் அடுத்த ஆபத்து. சரி செய்வது சுலபம்: குரோமில் மேலே மூன்று புள்ளி, செட்டிங்ஸ், சைட் செட்டிங்ஸ், நோட்டிஃபிகேஷன்ஸ். அனுமதி கொடுத்த தளங்களின் பட்டியல் இருக்கும், பெயர் தெரியாததை எல்லாம் பிளாக் செய்துவிடுங்கள். சித்தப்பா போனில் அந்தப் பட்டியல் திரையைத் தள்ளத் தள்ள நீண்டுகொண்டே போனது.

அவருக்கு இறுதியில் கிடைத்தது ஒரு டெலிகிராம் சேனல். ‘இங்கே ஜாயின் செய்தால் முழு வீடியோ’ என்று அந்தப் பக்கம் அனுப்பியிருக்கிறது. சேனலில் மங்கலான ஒரு படம், கீழே ஒரு ஃபைல். அந்த ஃபைலை நான் பிறகு பார்த்தேன். பெயர் ‘ஃபுல் வீடியோ எச்டி எம்பி4’ என்றுதான் தொடங்குகிறது. ஆனால் திரையில் பெயர் நீளமாகி நடுவில் புள்ளி புள்ளியாகச் சுருங்கியிருந்தது, கடைசி மூன்று எழுத்து ஏபிகே. பக்கத்தில் அளவு 6 எம்பிக்குச் சற்று மேல். இந்த இடத்தில் கொஞ்சம் நின்று சொல்லியே ஆகணும், ஏனென்றால் எல்லாமே இங்கேதான் தீர்மானமாகிறது. வாட்ஸ்அப்பிலோ டெலிகிராமிலோ வீடியோவாக அனுப்பினால் பொதுவாக அது ஒரு படம் மாதிரி தெரியும், நடுவில் முக்கோணம், ஓரத்தில் எத்தனை நிமிடம் என்ற எண். ஃபைலாக வந்தால் ஒரு தாள் மாதிரி ஐகானும் பெயரும் அளவும்தான் தெரியும். ‘வீடியோ’ என்று பெயர் வைத்துக்கொண்டு தாள் ஐகானில் ஒன்று வந்தால் அதைத் தொடுவதற்கு முன்னால் பெயரின் கடைசி எழுத்துகளை முழுசாகப் பார்க்கணும். எம்பி4, எம்கேவி, வெப்எம், 3ஜிபி இவை வீடியோ. ஏபிகே என்றால் அது ஆண்ட்ராய்டில் நிறுவும் ஆப், வேறு எதுவாகவும் இருக்க முடியாது. அளவும் கொஞ்சம் காட்டிக்கொடுக்கும். முப்பது விநாடி வீடியோ சில எம்பி இருக்கலாம். ஆனால் ‘45 நிமிடம், ஃபுல் எச்டி’ என்று சொல்லிவிட்டு 6 எம்பியில் எதுவும் இருக்க வழியில்லை.

முக்கோணமும் நிமிட எண்ணும் தெரிந்தால் மட்டும் நூறு சதவீதம் நம்பலாமா என்றால் அதுவும் கூடாது. 2024 ஜூலையில் ஈசெட் என்ற பாதுகாப்பு நிறுவனம் டெலிகிராமில் ஒரு ஓட்டையை வெளியிட்டது. ஏபிகே ஃபைலை முப்பது விநாடி வீடியோ மாதிரியே உரையாடலுக்குள் காட்ட முடிந்தது. பிளே அழுத்தினால் ‘இதை இயக்க முடியவில்லை, வேறு பிளேயரில் முயலவும்’ என்று சொல்லி ஆப் நிறுவச் சொல்லும். 10.14.5 பதிப்பில் அதை அடைத்துவிட்டார்கள். பழைய டெலிகிராமை அப்டேட் செய்யாமல் வைத்திருப்பவர்களுக்கு அந்த ஓட்டை திறந்தேதான் இருக்கிறது. ஆகவே வீடியோ பார்ப்பதற்காக எந்தத் திரையாவது ‘இன்ஸ்டால்’ என்ற வார்த்தையைக் காட்டினால், அந்த இடத்திலேயே கையை எடுத்துவிடுங்கள். ‘பிளேயர் அப்டேட்’, ‘கோடெக் தேவை’ என்று என்ன காரணம் சொன்னாலும் சரி. உங்கள் போனில் ஏற்கெனவே இருக்கும் கேலரியும் குரோமும் வழக்கமான வீடியோ எல்லாவற்றையும் ஓட்டும்.

ஆண்ட்ராய்டு தானாக எதையும் நிறுவ விடாது என்பதையும் சொல்லணும். 2017-இல் வந்த ஆண்ட்ராய்டு 8-லிருந்து, வெளியிலிருந்து வரும் ஆப்பை நிறுவ ஒவ்வொரு ஆப்புக்கும் தனித்தனியாக அனுமதி கேட்கும். டெலிகிராமிலிருந்து நிறுவ டெலிகிராமுக்கு, குரோமிலிருந்து நிறுவ குரோமுக்கு. பிறகு பிளே புரொடெக்ட் என்ற கூகிளின் பாதுகாப்புச் சோதனை எச்சரிக்கும். அதற்குத் தயாராகத்தான் அந்தச் சேனலில் படம் போட்டு விளக்கியிருந்தார்கள்: இங்கே அனுமதி கொடுங்கள், இங்கே ‘எப்படியும் நிறுவு’ என்று அழுத்துங்கள், எச்சரிக்கை வந்தால் பயப்பட வேண்டாம் என்று. போன் கொடுக்கும் எச்சரிக்கையை மீறுவது எப்படி என்று சொல்லித்தருகிற ஒருவன் நமக்கு நல்லது செய்ய வந்தவனாக இருக்கவே முடியாது.

நிறுவியதும் அந்த ஆப் எஸ்எம்எஸ் அனுமதி கேட்டிருக்கிறது. வீடியோ காட்டும் ஆப்புக்கு எஸ்எம்எஸ் எதற்கு? பிறகு ‘கொடூரக் காட்சி, 18 வயது நிரம்பியதா என்று சரிபார்க்க ₹1 கட்டவும்’ என்று ஒரு பக்கம். அதில் டெபிட் கார்டு எண், காலாவதி மாதம், வருடம். சித்தப்பா ஒரு ரூபாய்தானே என்று போட்டிருக்கிறார். அந்த ஒரு ரூபாய் போகவே இல்லை, ‘சர்வர் பிஸி’ என்று வந்தது, வீடியோவும் வரவில்லை. அவர் போனை வைத்துவிட்டுத் தூங்கிவிட்டார்.

இந்த இரண்டையும் வைத்து என்ன செய்ய முடியும் என்பது எனக்கும் முதலில் புரியவில்லை. யுபிஐ எப்படிப் பதிவாகிறது என்று தெரிந்தால் புரியும். புதுப் போனில் யுபிஐ ஆப் போட்டால், பேங்கில் பதிவான சிம்மிலிருந்து ஒரு எஸ்எம்எஸ் போகணும். அப்போதுதான் ‘இந்தப் போன் இவருடையது’ என்று அது நம்பும். எஸ்எம்எஸ் அனுமதி பெற்ற திருட்டு ஆப், திருடன் சொல்கிற அந்தச் செய்தியைச் சித்தப்பா போனிலிருந்தே அனுப்பிவிடும். அப்புறம் யுபிஐ பின்னை மாற்ற, பல பேங்குகளில் டெபிட் கார்டின் கடைசி 6 எண்களும் காலாவதித் தேதியும் ஓடிபியும் போதும். கார்டு விவரம் அந்த ஒரு ரூபாய்ப் பக்கத்தில் கிடைத்துவிட்டது. ஓடிபி போனுக்கு வந்ததும் அதே ஆப் படித்து அனுப்பிவிடுகிறது. யாரும் போன் செய்து ஓடிபி கேட்கவில்லை, அவரும் யாரிடமும் சொல்லவில்லை. ‘நான் யாருக்கும் ஓடிபி சொல்லலையேம்மா’ என்று அவர் திரும்பத் திரும்பச் சொன்னது சத்தியமான வார்த்தை.

இதில் ஒரு சின்ன விஷயம் தெரிந்திருந்தால் பெரிய தொகை தப்பியிருக்கும். புதிதாகப் பதிவு செய்த போனில் யுபிஐக்கு முதல் 24 மணி நேரத்துக்கு ₹5,000 வரைதான் அனுப்ப முடியும். அதனால் முதல் நாள் ₹4,900 மட்டும் போயிருக்கிறது. மறுநாள் காலை சித்தப்பா மளிகைக் கடையில் ஸ்கேன் செய்து பின் போட்டால் ‘பின் தவறு’ என்று வந்தது. சர்வர் கோளாறு என்று நினைத்துக் கையில் இருந்த காசைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டார். அன்று ராத்திரி, அந்த 24 மணி நேரம் முடிந்ததும், மீதி ₹58,000 போனது. பேங்க் மெசேஜ் ஒன்றுகூட அவர் கண்ணில் படவில்லை, எல்லாவற்றையும் அந்த ஆப் விழுங்கிவிட்டது. பழகிய பின் திடீரென்று தவறு என்று வந்தாலோ, யுபிஐ ஆப் மறுபடியும் பதிவு செய்யச் சொன்னாலோ, வழக்கமாக வரும் பேங்க் மெசேஜ் வராமல் நின்றாலோ அடுத்த நிமிடமே பேங்குக்குப் போன் செய்யுங்கள். அந்த ஒரு நாள் இடைவெளிதான் நமக்குக் கிடைக்கும் அவகாசம்.

இனி, தெரிந்த பிறகு செய்ய வேண்டியவை. செய்யும் வரிசை ரொம்ப முக்கியம். முதலில் அந்தப் போனில் மொபைல் டேட்டாவையும் வைஃபையையும் அணையுங்கள். அடுத்து சிம்மைக் கழற்றி ஒரு பழைய பட்டன் போனில் போடுங்கள். இதை யாரும் எனக்குச் சொல்லவில்லை, நானாக யோசித்துச் செய்தேன். சிம்மை மாற்றிய கொஞ்ச நேரத்தில் அந்தச் சின்னத் திரையில் ஓடிபி ஒன்று வந்து விழுந்தது. நாங்கள் எதையும் கேட்காத ஓடிபி. திருடன் இன்னும் முயன்றுகொண்டிருக்கிறான் என்று அப்போதுதான் உறைத்தது, கை நடுங்கியது. இனி ஓடிபி நம் கையில் மட்டும் என்ற நிம்மதியும் அதோடு வந்தது. மூன்றாவது, டெபிட் கார்டின் பின்பக்கம் அச்சடித்திருக்கும் எண்ணுக்கு வேறு போனிலிருந்து கூப்பிட்டு கார்டு, யுபிஐ, நெட் பேங்கிங் மூன்றையும் முடக்கச் சொல்லுங்கள். கஸ்டமர் கேர் எண்ணைக் கூகிளில் தேடாதீர்கள். அங்கேயும் போலி எண்களைப் போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். பேங்க் கொடுக்கும் புகார் எண்ணை நேரத்தோடு எழுதி வையுங்கள்.

நான்காவது, 1930. தேசிய சைபர் குற்ற உதவி எண். பணம் போன கணக்கிலிருந்து அடுத்த கணக்கு, அங்கிருந்து இன்னொன்று என்று சில மணி நேரத்தில் சிதறிவிடும். 1930-இல் பதிவு செய்தால் அந்தந்த பேங்குகளுக்குத் தகவல் போய், இன்னும் எடுக்கப்படாமல் இருக்கும் தொகையை நிறுத்தி வைக்கிறார்கள். லைன் கிடைக்காவிட்டால் விடாமல் முயலுங்கள், அதே நேரத்தில் சைபர்கிரைம் டாட் ஜிஓவி டாட் இன் தளத்திலும் பதிவு செய்யுங்கள். கூப்பிடுவதற்கு முன் கையில் வைத்திருக்க வேண்டியது: கணக்கு எண், ஒவ்வொரு பரிவர்த்தனையின் தொகை, தேதி, நேரம், 12 இலக்க யுடிஆர் எண் (ஒவ்வொரு பரிவர்த்தனைக்கும் உள்ள அடையாள எண்). மெசேஜ்கள் அழிந்துவிட்டதால் எங்களிடம் யுடிஆர் இல்லை, கிளைக்குப் போய் ஸ்டேட்மென்ட் வாங்கித்தான் எடுத்தேன். அதிலேயே பொன்னான நேரம் போயிற்று. போனில் புகார் கொடுத்த பிறகு ஒரு எண் தருவார்கள், அதை வைத்து 24 மணி நேரத்துக்குள் தளத்தில் முழுப் புகாரையும் பூர்த்தி செய்யணும். விவரம் எழுதும் கட்டத்தில் குறைந்தது 200 எழுத்தாவது கேட்கிறது, காற்புள்ளி மாதிரிக் குறிகள் போட்டால் ஏற்க மறுக்கிறது. தனியாக எழுதி வைத்துக்கொண்டு ஒட்டுவது நல்லது.

இங்கே வெட்கம் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. சித்தப்பா பார்க்க நினைத்தது ஒரு விபத்து வீடியோ. ஆனாலும் ‘என்ன வீடியோ தேடினீங்கன்னு கேப்பாங்களே’ என்று கூசிப்போய், பணம் போனது தெரிந்த பிறகும் ஒரு முழுப் பகலை வீணாக்கிவிட்டார். வேறு மாதிரி வீடியோ தேடியவர்கள் எத்தனை பேர் வாயே திறக்காமல் இருப்பார்கள் என்று நினைத்தால் எனக்கு வயிறு எரிகிறது. திருடர்கள் நம்பியிருப்பதே அந்தக் கூச்சத்தைத்தான். ‘ஒரு லிங்க்கிலிருந்து ஏபிகே ஃபைல் இறங்கியது, அதற்குப் பிறகு பணம் போனது’ என்று எழுதினாலே புகாருக்குப் போதும். வேப்பேரி கமிஷனர் அலுவலகத்தில் உட்கார்ந்திருந்தபோது பக்கத்தில் இருந்தவர்கள் கதையும் கிட்டத்தட்ட இதுவேதான், கல்யாணப் பத்திரிகை என்று வந்த ஏபிகே, போக்குவரத்து அபராதம் என்று வந்த ஏபிகே. உங்கள் வீட்டுப் பெரியவர் யாராவது இப்படி வந்து சொன்னால், எதற்குத் தேடினீர்கள் என்ற கேள்வியை அன்றைக்கு மட்டும் கேட்காதீர்கள். முதலில் சிம்மைக் கழற்றுங்கள்.

பேங்கில் நேரில் போய் எழுத்துப்பூர்வமாகக் கொடுத்து, நகலில் சீலும் தேதியும் வாங்குங்கள். ரிசர்வ் பேங்க் 2017 ஜூலை 6-ஆம் தேதி வெளியிட்ட சுற்றறிக்கை, வாடிக்கையாளர் மேலும் பேங்க் மேலும் தவறில்லாமல் மூன்றாம் நபரால் பணம் போயிருந்து, பேங்கிலிருந்து தகவல் வந்து 3 வேலை நாளுக்குள் சொல்லிவிட்டால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பில்லை என்கிறது. 4 முதல் 7 வேலை நாள் என்றால் பொறுப்புக்கு வரம்பு உண்டு. வாடிக்கையாளரின் கவனக்குறைவு என்றால், பேங்குக்குச் சொல்லும் வரை போனது அவர் தலையில், சொன்ன பிறகு போவது பேங்கின் பொறுப்பு. ஆகவே எந்த நேரத்தில் சொன்னீர்கள் என்பதற்குச் சாட்சி வேண்டும். கவுன்ட்டரில் ‘நீங்களேதான் கார்டு விவரம் கொடுத்திருக்கீங்க’ என்று ஒரே வரியில் முடிக்கப் பார்த்தார்கள். அதற்குப் பிறகு எழுத்தில் பதில் கேட்டேன். 30 நாளில் பதில் வராவிட்டாலோ திருப்தி இல்லாவிட்டாலோ ரிசர்வ் பேங்க் ஓம்புட்ஸ்மேனுக்கு, அதாவது குறைதீர்ப்பு அதிகாரிக்கு, சிஎம்எஸ் என்ற ரிசர்வ் பேங்கின் புகார் தளத்தில் இலவசமாகப் புகார் கொடுக்கலாம். விவரத்துக்கு 14448. எங்களுக்கு இதுவரை ₹23,500 மட்டும் ஒரு கணக்கில் நிறுத்தி வைக்கப்பட்டு, நீதிமன்ற உத்தரவு வழியாகத் திரும்பியது. மீதி நடந்துகொண்டிருக்கிறது.

போனைச் சுத்தம் செய்யும்போது அவசரப்பட்டு உடனே ரீசெட் செய்யாதீர்கள். அந்த ஆப்பின் பெயர், ஃபைல், சேனல், லிங்க் எல்லாவற்றையும் இன்னொரு போனால் படம் எடுத்த பிறகுதான் மற்றது. திருட்டு ஆப் பெரும்பாலும் ஐகானை மறைத்துக்கொள்ளும். செட்டிங்ஸில் ஆப்ஸ் பட்டியலைத் திறந்தால் பெயரில்லாமலோ வெறும் ஐகானோடோ நடுவில் நிற்கும். அன்இன்ஸ்டால் பட்டன் வேலை செய்யாவிட்டால், செக்யூரிட்டி பகுதியில் டிவைஸ் அட்மின் ஆப்ஸ் என்று ஒன்று இருக்கும், அங்கே அதன் அனுமதியை எடுத்த பிறகு முயலுங்கள். அப்படியும் முடியாவிட்டால் பவர் பட்டன் மெனுவில் பவர் ஆஃப் எழுத்தை அழுத்திப் பிடித்து சேஃப் மோடில் போங்கள், அங்கே நாம் நிறுவிய ஆப் எதுவும் ஓடாது. ஆப்பை நீக்கினாலும் ஏபிகே ஃபைல் டவுன்லோட்ஸ் ஃபோல்டரில் கிடக்கும், அதையும் அழிக்கணும். கடைசியில் போட்டோ, தொடர்பு எண்களை மட்டும் எடுத்துக்கொண்டு ஃபாக்டரி ரீசெட். பாஸ்வேர்டு மாற்றுவதை வேறு சாதனத்தில் செய்யுங்கள். வாட்ஸ்அப்பில் லிங்க்டு டிவைசஸ், கூகிள் கணக்கில் உள்ள சாதனப் பட்டியல் இரண்டையும் பார்த்துத் தெரியாததை வெளியேற்றுங்கள். ##002# அழுத்தி அழைத்தால் யாராவது போட்டு வைத்த கால் ஃபார்வர்டிங் ரத்தாகும். யுபிஐ ஆப்பில் ஆட்டோபே பகுதியைத் திறந்து, நீங்கள் போடாத மாதக் கட்டணம் ஏதும் இருக்கிறதா என்று பாருங்கள். சிம்மில் பாட்டு, கேம் என்று காசு கழிந்தால் 155223-க்குக் கூப்பிட்டு நிறுத்தலாம்.

கம்ப்யூட்டரில் தேடுபவர்களுக்கு இரண்டு விஷயம். விண்டோஸ் ஃபைல் பெயரின் கடைசிப் பகுதியை மறைத்துவிடும், அதனால் ‘எம்பி4’ என்று முடிவதாகத் தெரிவது உண்மையில் ஈஎக்ஸ்ஈ, அதாவது தொட்டதும் இயங்கும் புரோகிராம் ஆக இருக்கலாம். ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் வியூ மெனுவில் ‘ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ்’ என்பதை இன்றே டிக் செய்துவிடுங்கள். பாஸ்வேர்டு போட்ட ஜிப், ரார் ஃபைலாக வந்தால் இன்னும் சந்தேகப்படணும். ஆன்டிவைரஸ் உள்ளே பார்க்கக் கூடாது என்பதற்காகவே பூட்டுகிறார்கள். இன்னொன்று, ‘நீங்கள் மனிதர் என்று நிரூபிக்க விண்டோஸ் பட்டனையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தி, கன்ட்ரோல் வி, என்டர் அழுத்தவும்’ என்று கேட்கும் பக்கம். அந்தப் பக்கம் ஏற்கெனவே ஒரு கட்டளையைக் காப்பி செய்து வைத்திருக்கும், நீங்கள் உங்கள் கையாலேயே வைரஸை இயக்குகிறீர்கள். திரை முழுக்க அசோகச் சின்னம் போட்டு ‘ஆபாசம் பார்த்ததற்கு அபராதம் கட்டு, இல்லையேல் கைது’ என்று வந்தால் அது வெறும் வலைப்பக்கம். எஸ்கேப் பட்டனை அழுத்திப் பிடியுங்கள், போகாவிட்டால் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் அழுத்தி டாஸ்க் மேனேஜரில் பிரவுசரை மூடுங்கள். போலீஸ் அபராதத்தைப் பிரவுசரில் வந்து கார்டு எண் கேட்டு வசூலிப்பதில்லை.

சில வீடியோக்களைத் தேடவே கூடாது என்பதையும் நேராகச் சொல்லிவிடுகிறேன். ஒருவரின் அந்தரங்கம் கசிந்தது என்று சுற்றுவதை இன்னொருவருக்கு அனுப்புவது தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஏ பிரிவில் குற்றம், முதல் முறைக்கே 5 வருடம் வரை சிறை, ₹10 லட்சம் வரை அபராதம். அதில் இருப்பவர் 18 வயதுக்குக் கீழே என்றால் 67பி பிரிவில் தேடுவது, இறக்குவதே குற்றம். சென்னையிலிருந்து போன ஒரு வழக்கில், 2024 ஜனவரியில் உயர்நீதிமன்றம் போனில் இறக்கி வைத்துப் பார்த்தது மட்டும் குற்றமாகாது என்று சொன்னதை, அதே ஆண்டு செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. ‘பார்க்கத்தானே செய்தேன்’ என்ற வாதம் இனி எடுபடாது. அந்த வீடியோவில் இருப்பது உங்கள் வீட்டுப் பெண்ணாகவோ நீங்களாகவோ இருந்தால், ஸ்டாப்என்சிஐஐ என்ற தளத்தில் வீடியோவை வெளியே அனுப்பாமலே அதன் அடையாளக் குறியீட்டை மட்டும் பதிந்து, அதில் சேர்ந்துள்ள தளங்களில் தடுக்கச் சொல்லலாம். 18 வயதுக்குக் கீழ் என்றால் அதே மாதிரி டேக் இட் டவுன் என்ற தளம். இவை இரண்டும் இலவசம்.

செய்திக்காகத்தான் பார்க்கணும் என்றால் செய்தி நிறுவனத்தின் சொந்த யூடியூப் சேனலுக்குப் போய் அங்கே தேடுங்கள். டவுன்லோட் தேவையே இல்லை. கிடைத்த துண்டு உண்மையா என்று பார்க்க ஒரு காட்சியை ஸ்கிரீன்ஷாட் எடுத்து கூகிள் லென்ஸில் போட்டால், மூன்று வருடம் முன்பு வேறு நாட்டில் நடந்தது என்று பல சமயம் தெரிந்துவிடும். லிங்க்கைத் திறக்காமல் சோதிக்க வைரஸ்டோட்டல் தளத்தில் ஒட்டிப் பார்க்கலாம், ஃபைலும் 650 எம்பி வரை ஏற்றலாம். சொந்த ஆவணங்களை மட்டும் அங்கே ஏற்ற வேண்டாம், மற்றவர்கள் பார்க்க வாய்ப்பு உண்டு.

புகார் கொடுத்த பிறகு ‘உங்கள் பணத்தை மீட்டுத் தருகிறோம், முன்பணம் கட்டுங்கள்’ என்று யாராவது கூப்பிட்டால் அது இரண்டாவது திருட்டு. சித்தப்பாவுக்கும் வந்தது, நல்ல வேளை பட்டன் போன் என்னிடம் இருந்தது. இப்போது அவருடைய புதுப் போனில் நான் செய்து வைத்திருப்பவை இவை: செட்டிங்ஸ், ஆப்ஸ், ஸ்பெஷல் ஆப் ஆக்சஸ், இன்ஸ்டால் அன்நோன் ஆப்ஸ் என்று போய் வாட்ஸ்அப், டெலிகிராம், குரோம், ஃபைல்ஸ் எல்லாவற்றுக்கும் அனுமதியை எடுத்தாயிற்று. பிளே புரொடெக்ட் ஆனில் இருக்கிறது. பென்ஷன் கணக்கை யுபிஐயிலிருந்து பிரித்துவிட்டு, மாதச் செலவுக்கு மட்டும் வேறு ஒரு கணக்கில் ₹8,000 போட்டு அதைத்தான் ஸ்கேன் செய்யக் கொடுத்திருக்கிறேன். பேங்க் மெசேஜ் இமெயிலுக்கும் வருகிற மாதிரி எழுதிக் கொடுத்தேன், அந்த இமெயில் என் போனில் திறந்திருக்கிறது. தம்பிக்கும் சித்திக்கும் பிறகு அவரே சொல்லிவிட்டார்.